மூலையில ஒரு தேதி போடுங்க, போதும்

போன மழை சீசன்ல ஒரு ராத்திரி பம்பாய்ச் சித்தி போன் பண்ணாங்க. எடுத்ததுமே அழுகைக் குரல்.

"ஏட்டி, எல்லாரும் மேல ஏறிட்டீங்களா? ஆச்சிய யாரு தூக்குனா?"

எனக்கு ஒண்ணுமே ஓடல. வெளியில வெறும் தூறல். ஆச்சி கட்டில்ல உக்காந்து வெத்தலை இடிச்சிட்டு இருக்காங்க.

"டிவியில காட்டுதானே! ஸ்டேஷன் பூரா தண்ணி. ரயிலு நிக்கு. ஸ்ரீவைகுண்டம்னு பேரு போட்டுல்லா காட்டுதான்!"

அந்த சேனலப் போட்டுப் பாத்தேன். காட்டத்தான் செஞ்சாங்க. தண்ணிக்கு நடுவுல ரயிலு, இடுப்பளவு வெள்ளத்துல கயிறு புடிச்சு நடக்கிற ஆளுங்க, மேல சுத்துற ஹெலிகாப்டர். எல்லாம் 2023 டிசம்பர்ல எடுத்தது. எங்க ஊர்க்காரங்களுக்கு அந்தப் படம் மனப்பாடம்.

ஆனா திரையில என்ன இருந்துச்சு? மேல சிவப்புல "தென் மாவட்டங்களில் கனமழை எச்சரிக்கை". ஓரத்துல "நேரலை". கீழ ஓடற வரியில எங்க ஊர்ப் பேரு. இது பழைய படம்னு சொல்ல ஒரு எழுத்து கிடையாது. செய்தி வாசிச்ச பொண்ணு சொன்னது என்னவோ சரியான செய்திதான். வானிலை மையம் எச்சரிக்கை குடுத்திருக்கு, மக்கள் கவனமா இருங்க, அவ்வளவுதான். ஆனா சத்தம் கம்மியா வச்சுப் பாக்கற ஒருத்தருக்கு, தமிழ் வேகமா புரியாத பேரப்பிள்ளைக்கு, பாதியில வந்து உக்காந்த சித்திக்கு, படம்தான் செய்தி.

அன்னைக்கு ராத்திரி சித்திய சமாதானப்படுத்தவே வீடியோ கால் போட்டு, தெருவக் காட்டி, ஆச்சியக் காட்டி, வெத்தலைய வரைக்கும் காட்ட வேண்டியதாப் போச்சு. அடுத்து துபாய்ல இருந்து அத்தான். அப்புறம் சென்னையில இருந்து பெரியப்பா மகன். (அவன் நேரா டிக்கெட் போடப் போயிட்டான்!)

எனக்கு வந்த கோவம் இன்னும் போகல. அதான் எழுதறேன்.

இது என்ன பெரிய விஷயம், பழைய படத்தப் போட்டா என்னன்னு கேக்கறவங்களுக்கு அந்த ரெண்டு நாள் கதையச் சொல்லியாகணும்.

2023 டிசம்பர் 17, ஞாயித்துக்கிழமை. திருச்செந்தூர்ல இருந்து சென்னை எழும்பூர் போற செந்தூர் எக்ஸ்பிரஸ், சுமார் 800 பேரோட கிளம்பி, ராத்திரி எங்க ஸ்டேஷனுக்கு வந்து நின்னுச்சு. எங்க ஊரு ஆத்துக்கு வடகரை. ஸ்டேஷன் இருக்கறது தென்கரையில, புதுக்குடி பக்கம். அதுக்கு அடுத்து செய்துங்கநல்லூர் போற பாதையில ஜல்லியும் மண்ணும் அரிச்சுட்டுப் போயி, தண்டவாளம் அந்தரத்துல தொங்குச்சு. வண்டிய மேல போக விடாம நிறுத்தின ஸ்டேஷன் மாஸ்டர் ஜாபர் அலிய எங்க ஊரு இன்னைக்கும் கும்பிடுது. அந்த 24 மணி நேரத்துல காயல்பட்டினத்துல 95 சென்டிமீட்டர் மழை. திருச்செந்தூர்ல 69. எங்க ஸ்ரீவைகுண்டத்துல 62. எங்க மாவட்டத்துல ஒரு வருஷம் பூரா பெஞ்சாலே அறுபது எழுபதுதான் தேறும். அத ஒரே நாள்ல கொட்டித் தீத்துருச்சு.

ரயில்ல வந்தவங்கள்ல ஒரு 300 பேரப் பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிட்டுப் போயிட்டாங்க. மீதி 500 பேர் ரயில்லயே மாட்டிக்கிட்டாங்க. புதுக்குடி சனங்க வீட்டுல இருந்த அரிசி பருப்ப எடுத்துட்டு வந்து கோயில்ல வச்சு சமைச்சுப் போட்டாங்க. அவங்க வீட்டுக்குள்ளயும் தண்ணிதான். 19-ந் தேதிதான் எல்லாரையும் வெளிய கொண்டு வந்து, வாஞ்சி மணியாச்சியில இருந்து தனி ரயில் விட்டு சென்னைக்கு அனுப்பினாங்க.

இதுல கவனிக்க வேண்டியது ஒண்ணு இருக்கு. எங்களப் பத்தி தமிழ்நாடே டிவியில பாத்துட்டு இருந்த அந்த ரெண்டு மூணு நாளும், எங்க ஊர்ல டிவி ஓடல. கரண்டு இல்ல. செல் டவர் செத்துப்போச்சு. பாலத்துக்கு அந்தப் பக்கம் என்ன நடக்குதுன்னு எங்களுக்கே தெரியாது.

அப்ப அந்தச் செய்திய யாரு பாத்தா?

வெளியூர்ல இருந்த எங்க சொந்தக்காரங்க. போன் போகாம, பதில் வராம, டிவி முன்னாடி உக்காந்து ஒவ்வொரு முகமா தேடிட்டு இருந்தவங்க. அவங்களுக்கு ஒரு காட்சி 17-ந் தேதி ராத்திரி எடுத்ததா, 19-ந் தேதி காலையில எடுத்ததாங்கறது சாதாரண விவரம் இல்ல. தண்ணி ஏறுதா, எறங்குதா? அம்மா இருக்கற தெரு இப்ப எப்படி இருக்கு? அதத் தெரிஞ்சுக்க அவங்களுக்கு இருந்த ஒரே வழி அந்தத் திரைதான். அதுல காலையும் சாயங்காலமும் ஒரே துண்டுப் படத்த சுத்திச் சுத்திப் போட்டா, தண்ணி வடிஞ்ச பொறவும் அவங்க கண்ணுக்கு வடியவே வடியாது. அந்த மூணு நாளும் சித்தி சோறு திங்கலன்னு சித்தப்பா சொன்னாரு. போன மழைக்கு அவங்க அப்படி அழுததுக்கு அர்த்தம் இதுதான்.

இது என் ஒருத்தியோட ஆதங்கம்னு நினைச்சுட்டு இருந்தேன். தேடிப் பாத்தா, டெல்லியே இதச் சொல்லியிருக்கு! 2024 ஆகஸ்ட் 12-ந் தேதி தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் எல்லா தனியார் சேனலுக்கும் ஒரு அறிவுரை அனுப்பியிருக்கு. இயற்கைப் பேரிடர், பெரிய விபத்துக் காட்சிகள் காட்டும்போது, அந்தக் காட்சி எடுத்த தேதியையும் நேரத்தையும் திரையோட மேல் பக்கம் தெளிவா போடுங்க. நாள் கணக்கா முதல் நாள் படத்தையே ஓட்டினா பாக்கறவங்க குழம்பிப் போறாங்க, பீதியாகறாங்கன்னு காரணமும் சொல்லியிருக்கு. வயநாடு நிலச்சரிவு நடந்து ரெண்டு வாரம்கூட ஆகாத நேரம் அது.

படிச்சதும் அப்பாடான்னு இருந்துச்சு. அடுத்த நிமிஷமே, அப்ப ஏன் யாரும் செய்யலன்னு இன்னும் கோவம்.

சரி, புகார் குடுத்துருவோம். யார்கிட்ட?

முதல்ல எங்க கேபிள் அண்ணாச்சிகிட்ட கேட்டேன். நல்ல மனுஷன். "தங்கச்சி, படம் தெரியலன்னா நான் வந்து பாப்பேன். படத்துல என்ன தெரியுதுங்கறது நம்ம கையில இல்லம்மா"ன்னாரு. நியாயம்தான். பெட்டி, வயரு, பில்லு, சேனல் வரல, இதுக்கெல்லாம் கேபிள் கம்பெனியோட இலவச நம்பர் இருக்கு. அங்க புகார் பதிவு எண் குடுக்கணும்னு டிராயோட (தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம்) விதி இருக்கு. (அந்த எண்ணக் கேட்டு வாங்கிக்கோங்க. எண் இல்லாத புகார் காத்துல போயிரும்.) ஆனா நிகழ்ச்சி சரியில்ல, செய்தி தப்புன்னா அது வேற வாசல்.

அடுத்து சேனலோட வாட்ஸ்அப் நம்பர். அது "உங்க ஊர் வீடியோவ அனுப்புங்க"ன்னு கேக்கற நம்பர். நம்மகிட்ட இருந்து படம் வாங்கிக்கத்தான் அது, குறை கேக்க இல்ல. ரெண்டு நீலக் கோடு வந்துச்சு, பதில் வரல. யூடியூப்ல அதே வீடியோவுக்குக் கீழ கமென்ட் போட்டேன். அங்க ரெண்டு கட்சிக்காரங்க சண்டை போட்டுட்டு இருந்தாங்க, நடுவுல என் கமென்ட் கரைஞ்சு போச்சு.

பொறவுதான் தெரிஞ்சுது, இதுக்குன்னு சட்டப்படி ஒரு வழியே இருக்குன்னு. 2021 ஜூன் 17-ல கேபிள் டிவி விதிகளத் திருத்தி, மூணு படி வச்சிருக்காங்க.

முதல் படி சேனலேதான். ஒவ்வொரு சேனலும் ஒரு குறைதீர்ப்பு அலுவலர வைக்கணும். நாம எழுதினா 24 மணி நேரத்துக்குள்ள "கிடைச்சுது"ன்னு ஒப்புகை தரணும். 15 நாளைக்குள்ள முடிவு சொல்லணும்.

அதுல திருப்தி இல்லன்னா, அடுத்த 15 நாளைக்குள்ள ரெண்டாவது படி. அது சேனல்காரங்க சேந்து வச்சிருக்கற சுயக் கட்டுப்பாட்டு அமைப்பு. சீரியல், ரியாலிட்டி ஷோ மாதிரி பொழுதுபோக்குக்கு 2011-ல ஆரம்பிச்ச பி.சி.சி.சி. செய்திக்கு என்.பி.டி.எஸ்.ஏ., இது 2008-ல என்.பி.எஸ்.ஏ.ங்கற பேர்ல ஆரம்பிச்சது, முதல் தலைவர் உச்ச நீதிமன்றத்தோட முன்னாள் தலைமை நீதிபதி ஜே.எஸ். வர்மா. எல்லா சேனலும் ஒரே அமைப்புல இருக்காது, எது எதுல உறுப்பினர்னு பாத்துக்கிட்டு எழுதணும். அவங்களுக்கு 60 நாள் கெடு.

அதுவும் ஆகலன்னா மூணாவது படி, மத்திய அரசு.

எவ்வளவு அழகா இருக்கு பாருங்க! ஆனா இப்படி ஒண்ணு இருக்குன்னு உங்கள்ல எத்தனை பேருக்குத் தெரியும்? எங்க தெருவுல கேட்டுப் பாத்தேன். டீச்சர் அக்காவுக்குத் தெரியல. வக்கீல் குமாஸ்தாவா இருக்கற மாமாவுக்குத் தெரியல. எங்க வீட்டு டிவியில கண்ணு வலிக்கப் பாத்தும், புகார் அனுப்பற முகவரி தமிழ்ல ஒரு நிமிஷம் நின்னு ஓடினத நான் பாக்கல. நான் எழுதின சேனலோட இணையதளத்துல பக்கத்தோட அடியில, சாம்பல் எழுத்துல, இங்கிலீஷ்ல இருந்துச்சு. தமிழ்ல செய்தி, தமிழ்ல விளம்பரம், தமிழ்ல சண்டை. குறை சொல்லணும்னா மட்டும் இங்கிலீஷா? என்னால இத ஏத்துக்கவே முடியல.

குறை சொன்னா தமிழ்லயே, திரையிலயே பதில் வந்த காலமும் ஒண்ணு இருந்துச்சு. அதுக்கு எங்க தாத்தா கதையச் சொல்லணும்.

எங்க கடற்கரைப் பக்கம் டிவி வந்ததே ஒரு கதை. நம்ம ஊரு ஒளிபரப்பு ஒழுங்கா எட்டாத காலத்துல, தூத்துக்குடிப் பக்கம் ஓங்கி உசந்த கம்பத்துல ஆன்டெனா கட்டி, தெக்கு கிழக்கா திருப்பி, கொழும்பு ரூபவாஹினியப் புடிப்பாங்க. 1982-ல ஆரம்பிச்சது அது. கடலத் தாண்டி வர்ற படம், காத்தடிச்சா புள்ளி புள்ளியா ஆகிரும். ஒருத்தர் மாடியில கம்பத்தத் திருப்ப, ஒருத்தர் கீழ இருந்து "வந்துட்டு, வந்துட்டு, போச்சு!"ன்னு கத்துவாங்களாம். அதுக்கு முந்தி இலங்கை வானொலி. அங்க கே.எஸ். ராஜாவுக்கும் பி.எச். அப்துல் ஹமீதுக்கும் எங்க பக்கத்துல இருந்து போகாத கடுதாசியா! கடல் தாண்டிப் போன கடுதாசி, பேரோட வாசிக்கப்பட்டு, அதே கடல் தாண்டித் திரும்பி வரும்.

சென்னைத் தொலைக்காட்சி ஆரம்பிச்சது 1975 ஆகஸ்ட் 15. கொடைக்கானல் கோபுரம் வந்த பொறவுதான் எங்க பக்கம் அது தெளிவாச்சு. தாத்தாவுக்கு அதுல பிடிச்சது ஒளியும் ஒலியும் இல்ல, வயலும் வாழ்வும் இல்ல. 'எதிரொலி'. நேயர்கள் எழுதற கடிதத்த எடுத்து வாசிச்சு, நிலைய இயக்குநரா இருந்த ஏ. நடராஜனே திரையில உக்காந்து பதில் சொல்லுவாரு. போன வாரம் நாடகம் ஏன் பாதியில நின்னுச்சு, பாட்டு ஏன் பழசாவே போடறீங்க, இந்த மாதிரி கேள்விங்க. பாராட்டும் வரும், திட்டும் வரும். எல்லாத்துக்கும் மனுஷன் அமைதியா பதில் சொல்லுவாராம். எங்க தாத்தா 15 காசு போஸ்ட் கார்டுல பொடி எழுத்துல எழுதி அனுப்பிட்டே இருப்பாரு. ஆச்சி சொல்லுவாங்க: "ஒரு தடவை வாசிச்சுட்டாக. ஸ்ரீவைகுண்டத்துல இருந்துன்னு ஊர்ப் பேரச் சொன்னாக பாரு, அந்த வாரம் பூரா கடைத்தெருவுல தலைய நிமித்திக்கிட்டுல்லா நடந்தாக!"

அப்ப இருந்தது ஒரே சேனல், அதுவும் அரசாங்கத்தோடது. அதுல குறை நிறைய. அதையெல்லாம் நான் மறக்கல. எதிர்க்கட்சிக்காரங்க முகத்தையே காட்ட மாட்டாங்கன்னு எங்க அப்பா இன்னைக்கும் சொல்லுவாரு. ஆனா ஒரு வேலைய அவங்க செஞ்சாங்க. குறையச் சொன்னவனோட பேரையும் ஊரையும் அந்தக் குறையையும் எல்லாரும் பாக்கற அதே திரையில வச்சாங்க. கேட்டவருக்கு மட்டும் இல்ல, பாத்தவங்க எல்லாருக்கும் பதில் போச்சு.

இப்ப நான் எழுதற மின்னஞ்சல் ஒரு அலுவலரோட பெட்டியில விழும். அவரு எனக்குப் பதில் போடுவாரு. என்னோட சேந்து அன்னைக்குப் பாத்த அத்தனை லட்சம் பேருக்கு? ஒண்ணும் போகாது. என் சண்டையே இதுதான்.

தப்பு எங்க நடந்துச்சோ, திருத்தமும் அங்கதான் வரணும். இதுக்கு முன்மாதிரி இல்லாம இல்ல. 2007-ல இங்கிலாந்துல சேனல் 4-ல 'செலிபிரிட்டி பிக் பிரதர்' நடந்தப்ப, நம்ம ஷில்பா ஷெட்டிய மத்தவங்க இனவெறியோட நடத்தினாங்கன்னு ஆஃப்காம்ங்கற ஒழுங்குமுறை ஆணையத்துக்கு 44,500 புகார் போச்சு. அவங்க விசாரிச்சு, சேனல் செஞ்சது தப்புன்னு சொன்னதோட விடல. அந்தத் தீர்ப்ப சேனலே தன்னோட நிகழ்ச்சி நேரத்துல ஒளிபரப்பணும்னு உத்தரவு போட்டாங்க. நம்ம நாட்டுலயும் 2020 அக்டோபர்ல, நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் எழுதாத ட்வீட்டுகள அவரோடதுன்னு காட்டினதுக்காக ஆஜ் தக் சேனலுக்கு என்.பி.எஸ்.ஏ.காரங்க 1 லட்ச ரூபா அபராதம் போட்டு, ஒளிபரப்புலயே மன்னிப்பு கேக்கச் சொன்னாங்க. அந்த 1 லட்சமெல்லாம் ஒரு சேனலுக்கு ஒரு காசான்னு 2023-ல உச்ச நீதிமன்றமே கேட்டுச்சு. எனக்கு அபராதத்துல ஆசை இல்ல. திரையில நின்னு "நேத்து காட்டினது 2023-ஆம் வருஷப் படம், இன்னைக்கு ஸ்ரீவைகுண்டத்துல வெள்ளம் இல்ல"ன்னு பத்து வினாடி சொன்னா போதும். சித்தி நிம்மதியா தூங்குவாங்க.

புகார் குடுத்தா உடனே வேலை நடக்கும்னும் நாம பாத்திருக்கோம். 2022 ஜனவரி 15-ல ஜீ தமிழ்ல 'ஜூனியர் சூப்பர் ஸ்டார்ஸ்' நிகழ்ச்சியில ரெண்டு சின்னப் பிள்ளைங்க ராஜா வேஷம், மந்திரி வேஷம் போட்டு ஒரு நகைச்சுவை பண்ணாங்க. பிரதமரக் கிண்டல் பண்ணிட்டாங்கன்னு தமிழ்நாடு பா.ஜ.க. தரப்புல புகார். ஒரு சில நாள்லயே அமைச்சகத்துல இருந்து சேனலுக்கு நோட்டீஸ், 7 நாளைக்குள்ள பதில் சொல்லுன்னு. அந்த நகைச்சுவை தப்பா சரியான்னு நீங்க என்ன வேணா நினைச்சுக்கோங்க (எனக்கு அந்தப் பிள்ளைங்க பிரமாதமா நடிச்சாங்கன்னுதான் தோணுது). நான் சொல்ல வர்றது, கட்சி எழுதினா அவ்வளவு வேகமா நகருற யந்திரம், ஊரு பேரு தெரியாத ஒரு சித்திக்காகவும் நகரணும். விதியில கட்சிக்கு ஒரு கெடு, சித்திக்கு ஒரு கெடுன்னு எழுதல.

நான் இதெல்லாம் தட்டிட்டு இருக்கறதப் பாத்து ஆச்சி பக்கத்துல வந்து உக்காந்தாங்க. "என்னட்டி எழுதுத?"

சொன்னேன்.

"அப்படியே விளம்பரத்துக்கும் சேத்து எழுது. நாடகத்துல அவ ரகசியம் பேசுதா, ஒண்ணும் கேக்கலன்னு சத்தத்தக் கூட்டுனா, உடனே சோப்புக்காரன் வந்து காதக் கிழிக்கான். நெஞ்சு படபடங்கு எனக்கு."

ஆச்சி சொன்னது நூத்துக்கு நூறு சரி. சட்டத்துலயும் இருக்கு! கேபிள் டிவி விதிகள் 1994, விதி 7: விளம்பரத்தோட படமும் ஒலியும் அளவுக்கு மீறி இரைச்சலா இருக்கக் கூடாது. மணிக்கு 12 நிமிஷத்துக்கு மேல விளம்பரம் போகக் கூடாதுங்கறதும் அதே விதியிலதான் இருக்கு. விளம்பரம் ஏன் அப்படி அலறுதுன்னா, நாடகத்துல மெதுவாப் பேசற இடமும் இருக்கும், கத்தற இடமும் இருக்கும். விளம்பரத்துல மெதுவான இடத்தையெல்லாம் தூக்கி, ஆரம்பத்துல இருந்து கடைசி வரைக்கும் உச்சத்துலயே வச்சு ஒலிய அமுக்கிருவாங்க. உச்ச அளவப் பாத்தா ரெண்டும் ஒண்ணுதான், காதுக்கு மட்டும் இடி விழும். அமெரிக்காவுல இதுக்குன்னே 2010-ல தனிச் சட்டம் போட்டாங்க. விளம்பரத்தோட சராசரி ஒலி நிகழ்ச்சியோட ஒலியத் தாண்டக் கூடாதுன்னு 2012 டிசம்பர்ல இருந்து நடைமுறை. அங்க அந்தச் சட்டத்தக் கொண்டு வர வச்சதே வீட்டுல உக்காந்து டிவி பாத்த சனங்களோட எரிச்சல்தான். எங்க ஆச்சியோட எரிச்சல் மாதிரியே.

ஆச்சி புகார தனியா எழுதியாச்சு. கைநாட்டு கேட்டா போடறேன்னு காத்துட்டு இருக்காங்க.

என் புகார் என்னாச்சுன்னு கேப்பீங்க.

மறுநாளே ஒப்புகை வந்துச்சு. கெடுவுக்குள்ள பதிலும் வந்துச்சு. மரியாதையான பதில்தான், அத மறைக்க மாட்டேன். "ஆசிரியர் குழுவின் கவனத்துக்குக் கொண்டு சென்றோம்"னு இங்கிலீஷ்ல ரெண்டு பத்தி. அதோட ஒரு நல்ல காரியமும் பண்ணாங்க, யூடியூப்ல இருக்கற அந்த வீடியோவோட தலைப்புல "கோப்புக் காட்சி"ன்னு சேத்துட்டாங்க. அதப் பாத்த அன்னைக்கு எனக்கு நிஜமாவே சந்தோஷம். ஸ்ரீவைகுண்டத்துல ஒரு வீட்டுத் திண்ணையில உக்காந்து தட்டின நாலு வரி, சென்னையில ஒரு கட்டடத்துக்குள்ள போயி ஒரு வார்த்தைய மாத்திருச்சே!

ஆனா டிவியில? ஒண்ணும் சொல்லல. சித்தி யூடியூப் தலைப்பப் பாக்க மாட்டாங்க. துபாய் அத்தானும் பாக்க மாட்டாரு. அதனால ரெண்டாவது படிக்குப் போறேன்.

நீங்களும் எழுதறதா இருந்தா, நான் பட்ட பாட்டுல கத்துக்கிட்டது சிலது சொல்றேன். சேனல் பேரு, நிகழ்ச்சி பேரு, தேதி, மணி, இது நாலும் இல்லாத புகார அவங்க சுலபமா தள்ளிருவாங்க. கோவத்துல இருக்கும்போதே கடிகாரத்தப் பாத்து எழுதி வச்சுக்கோங்க, முடிஞ்சா செல்லுல திரையப் படம் புடிச்சுருங்க. தள்ளிப் போடாதீங்க. செய்திப் புகாருன்னா ஒளிபரப்பான ஒரு வாரத்துக்குள்ள சேனலுக்குப் போயிரணும்னு வச்சுக்கோங்க. ஒளிபரப்பின பதிவ சேனல் 90 நாள் வச்சிருக்கணும்னு நிபந்தனை இருக்கு, அதனால "அப்படி ஒண்ணு வரவே இல்லையே"ன்னு அவங்க சொல்ல முடியாது, எடுத்துப் பாருங்கன்னு கேளுங்க. "உங்க சேனலே மோசம்"னு எழுதாதீங்க. எந்தக் காட்சி, எந்த விதி, என்ன செய்யணும். மூணே வரி. தமிழ்லயே எழுதுங்க, தமிழ்ல பதில் வேணும்னும் ஒரு வரி சேருங்க. நானும் அடுத்த கடிதத்துல சேத்துட்டேன்.

மெயில் அனுப்பத் தெரியாத பெரியவங்களுக்கு இன்னொரு வாசலும் இருக்கு, அது கலெக்டர் ஆபீஸ். தனியார் சேனல்களக் கண்காணிக்க மாவட்ட அளவுல கலெக்டர் தலைமையில குழு இருக்கணும்னு மத்திய அரசு உத்தரவே போட்டிருக்கு. போலீஸ் எஸ்.பி., மக்கள் தொடர்பு அலுவலர், மகளிர் கல்லூரி முதல்வர், தொண்டு நிறுவனத்து ஆளுங்கன்னு எல்லாரும் அதுல உண்டு. திங்கக்கிழமை தூத்துக்குடியில குறைதீர்க்கும் நாள்ல பட்டாவுக்கும் குடிதண்ணிக்கும் மனு குடுக்கறோம்ல, அதே வரிசையில இதுக்கும் மனு குடுக்கலாம். டிவி பத்தி மனுவான்னு யாராவது கேட்டா, ஆமான்னு சொல்லுங்க. வெள்ளத்துல மாட்டின ஊர்க்காரங்களுக்கு டிவி வேடிக்கைப் பொருள் கிடையாது.

என் மேல்முறையீட்டுல ரெண்டே ரெண்டுதான் கேட்டிருக்கேன். ஒண்ணு, வெள்ளம், புயல், விபத்துப் படம் எது காட்டினாலும் 2024 ஆகஸ்ட் அறிவுரைப்படி தேதியும் நேரமும் திரையிலயே இருக்கணும், தமிழ்ல, ஆச்சி கண்ணுக்குத் தெரியற பெருசுல. ரெண்டு, வாரத்துல ஒரு நாள், ராத்திரி பதினோரு மணிக்கு இல்ல, வீட்டுல எல்லாரும் இருக்கற நேரத்துல, பாக்கறவங்க எழுதினத வாசிச்சுப் பதில் சொல்ல ஒரு கால் மணி நேரம். அத்தனை தமிழ் சேனல்ல ஒரே ஒரு சேனல் இத ஆரம்பிச்சாலும் நான் அதோட நிரந்தர நேயர்.

ரெண்டாவது கோரிக்கையெல்லாம் அந்த அமைப்போட வரம்புக்குள்ள வராதுன்னு வக்கீல் குமாஸ்தா மாமா சொல்றாரு. வராட்டி என்ன, எழுதி வைப்போம். அதையே தனிக் கடிதமா சேனல் தலைமை ஆசிரியருக்கும் அனுப்பறேன்.

இப்ப மணி பத்தாகுது. நாளைக்குக் காலையில ஒரு தடவை படிச்சுப் பாத்துட்டு அனுப்பிருவேன். என்ன பதில் வந்தாலும் அப்படியே இங்க போடறேன். உங்க ஊருப் பழைய வெள்ளம், பழைய புயல் எதையாவது வர்ற மழைக்குத் தேதி இல்லாம எந்த சேனலாவது காட்டினா, நாளும் மணியும் குறிச்சு எனக்கு எழுதுங்க. கடலூர்க்காரங்க, நாகப்பட்டினத்துக்காரங்க, முக்கியமா நீங்க.